1790-களில் ஒரு எம்.பி. இறந்துபோனால் அமெரிக்காவில் இடைத்தேர்தல் எப்படி நடந்தது?

எண்ணூர் ரோடு | ஞாயிறு இரவு 9.40

எல்லோருக்கும் வணக்கம். குரூப் 1 தேர்வுக்குப் படிக்கிறேன். நேற்று கோட்டூர்புரம் நூலகத்தில் உட்கார்ந்து அமெரிக்க அரசியலமைப்பைப் புரட்டிக்கொண்டிருந்தபோது ஒரே ஒரு வாக்கியத்தில் நின்றுவிட்டேன். பிரதிநிதிகள் சபையில் (நம் மக்களவை மாதிரி) ஓர் இடம் காலியானால் அந்த மாநில ஆளுநர் தேர்தல் நடத்த ஆணை பிறப்பிப்பார் என்று இருக்கிறது, அவ்வளவுதான். எத்தனை நாளுக்குள், யார் நடத்துவது, யார் எண்ணுவது, ஒன்றும் இல்லை.

எனக்கு இது வெறும் தேர்வுக் கேள்வி இல்லை. நான் திருவொற்றியூர். 2020 பிப்ரவரி 27 அன்று எங்கள் எம்.எல்.ஏ. கே.பி.பி. சாமி காலமானார். அடுத்த மாதமே ஊரடங்கு. 2021 மே மாதம் பொதுத்தேர்தல் முடிவு வரும்வரை எங்கள் தொகுதிக்கு எம்.எல்.ஏ. இல்லை. அம்மா முதியோர் உதவித்தொகை மனுவை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு, மேலே ஒரு ரப்பர் பேண்டு சுற்றி, அலமாரியில் வைத்திருந்தார். யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் அது அங்கேயே இருந்தது. அந்தக் கவர்தான் அந்த வாக்கியத்தைப் படித்ததும் ஞாபகம் வந்தது. ஆறு மாதக் கெடு, தேர்தல் ஆணையம், இவ்வளவும் இருக்கிற நமக்கே இப்படியென்றால், தந்தியும் ரயிலும் இல்லாத காலத்தில் அவர்கள் என்ன செய்தார்கள்? முதல் இடைத்தேர்தல் எது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள், எவ்வளவு நீளமாக இருந்தாலும் படிப்பேன்.


பழைய கெஜட் | ஞாயிறு இரவு 11.15

நல்ல கேள்வி தம்பி. எனக்குப் பிடித்த இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள்.

பதவியில் இருக்கும்போது இறந்த முதல் பிரதிநிதி வர்ஜீனியாவின் தியோடோரிக் பிளாண்ட். 1790 ஜூன் 1 அன்று நியூயார்க்கில் இறந்தார், அப்போது தலைநகரம் அதுதான். அவர் இடத்துக்கு நடந்த இடைத்தேர்தலில் ஜெயித்தவர் வில்லியம் பிராஞ்ச் கைல்ஸ், பீட்டர்ஸ்பர்க் ஊர் வக்கீல். அவர் சபைக்குள் போய் உட்கார்ந்தது 1790 டிசம்பர் 7. கணக்குப் போட்டுப் பாருங்கள், ஆறு மாதமும் ஆறு நாளும். எந்தக் கெடுவும் எழுதி வைக்காமலேயே நம் ஆறு மாதத்துக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. இதற்கிடையில் தலைநகரமே நியூயார்க்கிலிருந்து ஃபிலடெல்ஃபியாவுக்கு மாறிவிட்டது. பிளாண்ட் எந்த ஊரில் உட்கார்ந்திருந்தாரோ அந்த ஊருக்கு அவருடைய வாரிசு போகவே இல்லை.

யார் நடத்தியது என்றால், ஆளுநர் ஆணை எழுதி மாவட்டங்களுக்கு அனுப்புவார், ஒவ்வொரு மாவட்டத்திலும் ஷெரிஃப் தேர்தலை நடத்துவார். (இங்கே ஆளுநர் என்றதும் கிண்டியை நினைத்துவிடாதீர்கள். வர்ஜீனியாவில் அன்றைக்கு ஆளுநரைத் தேர்ந்தெடுத்தது மாநில சட்டசபை, ஆகவே நம் முதல்வர் மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம்.) வாக்குச்சீட்டு, பெட்டி எதுவும் கிடையாது. நீதிமன்றக் கட்டடத்துக்கு வாக்காளர் நேரில் வரணும். ஷெரிஃப் பெயரைக் கூப்பிட்டு யாருக்கு ஓட்டு என்று கேட்பார், இவர் எல்லோர் காதிலும் விழுகிற மாதிரி வாய்விட்டுச் சொல்லணும், எழுத்தர் நோட்டில் அந்த வேட்பாளர் பெயருக்குக் கீழே இவர் பெயரை எழுதுவார். வேட்பாளரும் அங்கேயே உட்கார்ந்திருப்பார், தனக்கு ஓட்டுப் போட்டவரைப் பார்த்துத் தலை குனிந்து நன்றி சொல்வார். கடன் கொடுத்தவரும் பக்கத்து நிலக்காரரும் பார்த்துக்கொண்டிருக்க ஓட்டுப் போடுவது எப்படி இருந்திருக்கும் என்று யோசியுங்கள். வர்ஜீனியாவில் இந்த முறை 1860-கள் வரை இருந்தது.

பிளாண்ட் இறந்து கைல்ஸ் வருவதற்குள் என்ன நடந்தது என்பதுதான் எனக்கு மனசில் நிற்கிற விஷயம். அந்த ஜூலையில்தான் தலைநகரத்தைப் பொட்டோமாக் நதிக்கரைக்குக் கொண்டுபோகும் மசோதா சபையில் 32-க்கு 29 என்று நிறைவேறியது. மாநிலங்களின் போர்க்கடனை மத்திய அரசே ஏற்றுக்கொள்ளும் முடிவும் அதே மாதம்தான் சபையில் தேறியது. நாட்டின் முதல் பத்தாண்டில் இதைவிடப் பெரிய சண்டை இல்லை. வர்ஜீனியாவுக்கு இருந்ததே 10 இடம். அதில் ஒன்று அந்த நேரத்தில் காலி.


மயிலை வக்கீல் | திங்கள் காலை 7.05

கெஜட் சார் சொன்னதோடு செனட்டையும் (அங்கே மேலவை) சேர்த்துப் பார்த்தால்தான் விஷயம் முழுசாகப் புரியும்.

பிரதிநிதிகள் சபைக்கு நியமனம் என்ற பேச்சே இல்லை. 1789 முதல் இன்றுவரை தேர்தலில் ஜெயிக்காமல் நியமனத்தால் அந்தச் சபையில் ஓட்டுப் போடும் உறுப்பினராக ஒருவர்கூட உட்கார்ந்ததில்லை. செனட் வேறு. அன்றைக்கு செனட்டர்களைத் தேர்ந்தெடுத்ததே மாநில சட்டசபைகள், மக்கள் நேரடியாக ஓட்டுப் போட ஆரம்பித்தது 1913-ல் வந்த 17-வது திருத்தத்துக்குப் பிறகு. சட்டசபை கூடாத நேரத்தில் செனட் இடம் காலியானால், அடுத்து அது கூடும்வரை ஆளுநர் தற்காலிகமாக ஒருவரை நியமிக்கலாம். அதே வர்ஜீனியாவில் அதே 1790-ல் இதுவும் நடந்தது. மார்ச் 12 அன்று செனட்டர் வில்லியம் கிரேசன் இறந்தார், பதவியில் இறந்த முதல் செனட்டர் அவர்தான். அந்த மாதம் முடிவதற்குள் ஜான் வாக்கர் என்பவரை ஆளுநர் நியமித்துவிட்டார். பிறகு சட்டசபை கூடி நவம்பரில் ஜேம்ஸ் மன்றோவைத் தேர்ந்தெடுத்தது. முந்தைய ஆண்டுதான் மன்றோ பிரதிநிதிகள் சபைத் தேர்தலில் மேடிசனிடம் தோற்றிருந்தார். பின்னாளில் குடியரசுத் தலைவரான மனிதர் புதிய அரசியலமைப்பின் கீழ் வந்த காங்கிரசுக்குள் (இரு அவையும் சேர்ந்த அமெரிக்க நாடாளுமன்றம்) நுழைந்தது ஒரு காலியிடத்தின் வழியாக.

ஒரே மாநிலம், ஒரே ஆண்டு, இரண்டு சாவு. செனட் நாற்காலி மூன்று வாரத்துக்குள் நிரம்பியது, மக்கள் நாற்காலிக்கு ஆறு மாதம் ஆனது. மக்களைக் கேட்டுத்தான் நிரப்புவோம் என்று முடிவெடுத்தால் அதற்கான காலத்தைக் கொடுத்துத்தான் ஆகவேண்டும். அந்த விலையைத் தெரிந்தே கொடுத்தார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன்.

ஆளுநர்கள் இந்த நியமன அதிகாரத்தை இஷ்டத்துக்கு நீட்டவும் முடியவில்லை. டெலவேரில் ஜார்ஜ் ரீட் 1793 செப்டம்பரில் ராஜினாமா செய்தார். அதற்குப் பிறகு சட்டசபை கூடியது, யாரையும் தேர்ந்தெடுக்காமல் கலைந்து போனது. 1794 மார்ச்சில் ஆளுநர் கென்சி ஜான்ஸ் என்பவரை நியமித்து அனுப்பினார். செனட் அவரை உள்ளே விடவில்லை. காலியான பிறகு சட்டசபை ஒருமுறை கூடிவிட்டதென்றால் உன் அதிகாரம் முடிந்தது என்று சொல்லிவிட்டார்கள். சரியான தீர்ப்புதான். ஆனால் அந்த இடம் 1795 பிப்ரவரி வரை காலியாகவே கிடந்தது, அதையும் சொல்லணும்.


துறைமுகம் தம்பி | திங்கள் மதியம் 1.20

அண்ணா, சாவைவிட ராஜினாமாதான் அங்கே அதிகம் என்று எங்கேயோ படித்தேன். நம்ம ஊரில் எம்.பி. பதவியை விட்டால் பெரிய செய்தி. அவர்கள் ஏன் அப்படி விட்டுவிட்டுப் போனார்கள்?


பழைய கெஜட் | திங்கள் மாலை 6.30

தம்பி, அன்றைக்கு அமெரிக்கக் காங்கிரஸ் உறுப்பினர் என்பது பெரிய பதவியாக எல்லோருக்கும் படவில்லை, அதுதான் முதல் காரணம். சம்பளம் சபை நடக்கிற நாளுக்கு 6 டாலர். குடும்பத்தையும் வக்கீல் தொழிலையும் வயலையும் விட்டுவிட்டு மாதக்கணக்கில் வேற்றூரில் விடுதி அறையில் தங்கணும். சொந்த மாநிலத்தில் கிடைக்கும் பதவிதான் கண்ணுக்கு எதிரே இருந்தது. சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்துப் போட்ட மேரிலாந்தின் சார்ல்ஸ் கேரல் 1792-ல் செனட்டை விட்டார், ஏனென்றால் மாநில செனட்டிலும் தேசிய செனட்டிலும் ஒரே நேரத்தில் இருக்கக்கூடாது என்று மேரிலாந்து சட்டம் போட்டது, அவர் மாநிலத்தை வைத்துக்கொண்டார். டிவிட் கிளின்டன் 1803-ல் செனட்டை விட்டுவிட்டு நியூயார்க் மேயராகப் போனார். ரிப்பன் மாளிகைக்காக ஒருவர் ராஜ்யசபாவை விடுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது காரணம் இன்னும் முக்கியம், குரூப் 1 படிக்கிற தம்பி இதைக் குறித்துக்கொள்ளுங்கள். அங்கே ஒருவர் ஒரே நேரத்தில் காங்கிரஸ் உறுப்பினராகவும் அமைச்சராகவும் இருக்க முடியாது. நமக்கு நேர் எதிர். இங்கே அமைச்சராக வேண்டுமென்றால் ஆறு மாதத்துக்குள் ஏதாவது ஓர் அவைக்குள் வந்தாகணும். 1954-ல் காமராஜர் முதல்வரானபோது மேலவை வழியாக வராமல் குடியாத்தம் இடைத்தேர்தலில் நின்று ஜெயித்து வந்தார். அங்கே அமைச்சராக வேண்டுமென்றால் அவையை விட்டு வெளியே போகணும், போனால் பின்னாலேயே ஓர் இடைத்தேர்தல். 1800-ல் ஜான் மார்ஷல் வெளியுறவு அமைச்சரானதும் ரிச்மண்ட் பக்கத்து இடம் காலியானது, அங்கே லிட்டில்டன் டேஸ்வெல் ஜெயித்து வந்தார். மாசசூசெட்ஸில் ஒரே தொகுதியில் சங்கிலி மாதிரி நடந்தது: 1800-ல் டுவைட் ஃபாஸ்டர் செனட்டுக்குப் போனார், அந்த இடத்துக்கு இடைத்தேர்தலில் லீவை லிங்கன் வந்தார், 1801 மார்ச்சில் புதிய குடியரசுத் தலைவர் ஜெஃபர்சன் அவரை அட்டர்னி ஜெனரல் ஆக்கினார், மறுபடியும் காலி, மறுபடியும் தேர்தல், சேத் ஹேஸ்டிங்ஸ் வந்தார். அதுவும் மாசசூசெட்ஸில் பாதிக்கு மேல் ஓட்டு வாங்கினால்தான் வெற்றி. யாரும் பாதியைத் தாண்டவில்லையென்றால் திரும்பவும் நடத்துவார்கள், அதிலும் தாண்டவில்லையென்றால் இன்னொரு தடவை.

நம் பக்கத்தில் இதற்கு ஓரளவு கிட்டே வருவது 1967 தென்சென்னை. அண்ணா அங்கே எம்.பி.யாக ஜெயித்துவிட்டு முதல்வரானார், காலியான இடத்தில் முரசொலி மாறன் வந்தார்.


வேளச்சேரி அக்கா | திங்கள் இரவு 8.10

எல்லோரும் மக்கள் ஓட்டு, மக்கள் நாற்காலி என்கிறீர்கள். யார் அந்த மக்கள் என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள். வர்ஜீனியாவில் ஓட்டு நிலம் வைத்திருந்த வெள்ளை ஆண்களுக்கு மட்டும். வீட்டோடு 25 ஏக்கரோ, சும்மா கிடக்கிற நிலமாக 50 ஏக்கரோ இருக்கணும். அதே மாவட்டத்தில் வயலில் வேலை செய்த அடிமைகளை ஐந்தில் மூன்று பங்காகக் கணக்கில் சேர்த்துத்தான் அந்த மாநிலத்துக்கு எத்தனை இடம் என்றே முடிவு செய்தார்கள். பிளாண்ட் இறந்து அவர் இடம் காலியாக இருந்தது ஆறு மாதம். அந்த அடிமைகள் பக்கத்து இடம் அதற்கு முன்னாலும் காலி, பின்னாலும் காலி.


மயிலை வக்கீல் | திங்கள் இரவு 9.25

அக்கா சொல்வது முழுக்க உண்மை, நான் முதலிலேயே எழுதியிருக்கணும்.

இன்னொரு வகை காலியிடமும் உண்டு, சாவும் இல்லை ராஜினாமாவும் இல்லை. ஜார்ஜியாவில் சுதந்திரப் போர் தளபதி அந்தோணி வேன் 1791 தேர்தலில் ஜேம்ஸ் ஜாக்சனைத் தோற்கடித்தார். ஜாக்சன் விடவில்லை, சபையிலேயே முறையிட்டார். இங்கே தேர்தல் வழக்கு என்றால் உயர் நீதிமன்றம், அங்கே ஒவ்வொரு அவையும் தன் உறுப்பினர் தேர்தலுக்குத் தானே நீதிபதி. விசாரித்தால் ஒரு மாவட்டத்தில் நீதிபதி ஒருவரே ஓட்டுக் கணக்கை மாற்றி அனுப்பியிருந்தார். 1792 மார்ச்சில் வேனின் தேர்தல் செல்லாது என்று சபை முடிவு செய்தது. சரி, அப்போ ஜாக்சனை உட்கார வைக்கலாமா என்று ஓட்டெடுத்தால் 29-க்கு 29, அது தேறவில்லை. கடைசியில் இடம் காலி என்று ஜார்ஜியாவுக்கே திருப்பி அனுப்பினார்கள், மறுபடி தேர்தல் நடந்து ஜான் மில்லெட்ஜ் வந்தார். எனக்கு இந்த வழக்கு மிகவும் பிடிக்கும். இரண்டாவது வந்தவரைத் தூக்கி வைக்காமல், கெட்டுப்போன தேர்தலுக்கு மருந்து இன்னொரு தேர்தல்தான் என்று அந்தச் சின்ன வயதுக் குடியரசு வந்து சேர்ந்த இடம் இது.


பல்லாவரம் சந்தை | செவ்வாய் காலை 6.50

எல்லாம் படித்தேன், நல்ல தகவல். ஆனால் கெடு இல்லாதது ஒரு குறை என்கிற மாதிரி பேச்சு போகிறது, அதில் எனக்கு உடன்பாடு இல்லை. அன்றைக்கு காங்கிரஸ் பெரும்பாலும் டிசம்பர் வாக்கில் கூடி வசந்த காலத்தில் கலைந்துவிடும். நடுவில் ஆறேழு மாதம் அவையே கிடையாது. கோடையில் காலியான இடத்தைக் கோடையிலேயே நிரப்பி யாருக்கு லாபம்? சாலை கிடையாது, ஆணை போய்ச் சேர, நாள் குறிக்க, தூரத்து மாவட்டக்காரன் வண்டி கட்டி வர நேரம் வேண்டும். அந்தந்த மாநிலம் தன் தூரத்தைப் பார்த்து முடிவு செய்யட்டும் என்று விட்டது நியாயம்தான்.


எண்ணூர் ரோடு | செவ்வாய் காலை 8.30

சார், அவை நடக்காத காலத்துக்கு நீங்கள் சொல்வது சரி. ஆனால் பிளாண்ட் இறந்தது அவை நடந்துகொண்டிருந்தபோது இல்லையா? அந்த ஆகஸ்ட் வரை கூட்டம் நடந்திருக்கிறதே. ஒரே ஓர் இடம் காலியாக இருந்ததால் நிஜமாகவே பெரிதாக ஏதாவது ஆடிப்போனதா? அது ஒன்று மட்டும் தெரிந்தால் போதும் எனக்கு.


பழைய கெஜட் | செவ்வாய் இரவு 10.00

இதற்குத்தான் காத்திருந்தேன். 1801.

1800 குடியரசுத் தலைவர் தேர்தலில் ஜெஃபர்சனுக்கும் பர்ருக்கும் தேர்வாளர் ஓட்டு 73-க்கு 73 என்று சமமாக வந்து, குடியரசுத் தலைவரைத் தேர்ந்தெடுக்கும் வேலை பிரதிநிதிகள் சபைக்கு வந்தது. அதில் ஆளுக்கு ஓர் ஓட்டு இல்லை, மாநிலத்துக்கு ஓர் ஓட்டு. 16 மாநிலம், ஜெயிக்க 9 வேண்டும். ஜார்ஜியாவுக்கு இருந்தது இரண்டே பிரதிநிதிகள். அதில் ஜேம்ஸ் ஜோன்ஸ் 1801 ஜனவரி 11 அன்று இறந்துவிட்டார். அந்தச் சபையின் ஆயுளே மார்ச் 3 வரைதான். வாஷிங்டனிலிருந்து ஜார்ஜியாவுக்குச் செய்தி போய், ஆணை எழுதி, தேர்தல் நடத்தி, ஆள் திரும்பி வருவதெல்லாம் நடக்காத காரியம். பிப்ரவரி 11 அன்று ஓட்டெடுப்பு ஆரம்பித்தபோது ஜார்ஜியா என்ற மாநிலம் முழுவதும் பெஞ்சமின் டாலியஃபெரோ என்ற ஒரே மனிதர். இரண்டு பேர் இருந்து ஒருவர் இந்தப் பக்கம் ஒருவர் அந்தப் பக்கம் என்றால் அந்த மாநிலத்தின் ஓட்டே கணக்கில் வராது. வெர்மான்ட்டும் மேரிலாந்தும் அப்படித்தான் பிளந்து கிடந்தன. டாலியஃபெரோ தனியாக ஜெஃபர்சனுக்குப் போட்டார். ஜெஃபர்சனுக்கு 8, பர்ருக்கு 6, பிளந்தவை 2. இதே நிலை 35 சுற்று. பிப்ரவரி 17, 36-வது சுற்றில்தான் முடிந்தது. அந்த எட்டில் ஒன்று ஓர் ஆள் உட்கார்ந்து, பக்கத்து நாற்காலி காலியாக இருந்த மாநிலம்.

அதே ஓட்டெடுப்பு நடந்த சபையில்தான் வர்ஜீனியா வரிசையில் டேஸ்வெல் இருந்தார், மார்ஷல் விட்டுப்போன இடத்தில், இடைத்தேர்தலில் வந்தவர். மார்ஷல் ஜெஃபர்சனுக்கு எதிர் அணி, டேஸ்வெல் ஜெஃபர்சன் அணி. வர்ஜீனியா எப்படியும் ஜெஃபர்சன் பக்கம்தான், அதில் மாற்றம் வந்திருக்காது. ஆனால் ஒரு தொகுதி சில மாதத்துக்கு முன்னால் போட்ட ஓட்டு அந்த அறைக்குள் உயிரோடு இருந்தது. ஜார்ஜியாவின் மற்ற பாதிக்கு அது கிடைக்கவில்லை. பல்லாவரம் சாருக்கு என் பதில் இதுதான். தூரம் நிஜம், ஒத்துக்கொள்கிறேன். காலி நாற்காலியும் நிஜம்.

இன்னொன்று சொல்லிவிடுகிறேன். இந்தக் காலத்துத் தேர்தல் எண்ணிக்கைகள் பலவற்றை அரசு ஒழுங்காகச் சேர்த்து வைக்கவில்லை. பிலிப் லாம்பி என்பவர் பல பத்தாண்டுகள் பழைய செய்தித்தாள்களையும் மாவட்டப் பதிவுகளையும் புரட்டி, ஒவ்வொரு ஊர் எண்ணையும் கையால் எழுதி எடுத்தார். 1787 முதல் 1825 வரையிலான தேர்தல்கள், இடைத்தேர்தல்கள் உட்பட, இன்றைக்கு இணையத்தில் கிடைப்பது அவர் உழைப்பில்தான்.


எண்ணூர் ரோடு | புதன் காலை 7.15

அண்ணா, சார், அக்கா, எல்லோருக்கும் நன்றி. நேற்று ராத்திரி அம்மாவுக்கு டாலியஃபெரோ கதையைச் சொன்னேன். "அந்த இன்னொரு ஆளோட ஊர்க்காரங்க யார்கிட்டப் போய்க் கேட்டிருப்பாங்க" என்றுதான் முதலில் கேட்டார்.

இடைத்தேர்தலுக்கு ஆறு மாதக் கெடு வைக்கிற, மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 151ஏ பிரிவையும் எடுத்துப் படித்துவிட்டேன். பதவிக்காலத்தில் ஓர் ஆண்டுக்குக் குறைவாக மிச்சம் இருந்தால் ஆறு மாதக் கெடு பொருந்தாது, இல்லையென்றால் ஆணையமும் மத்திய அரசும் கலந்து பேசி இப்போது நடத்துவது கடினம் என்று சான்று தரணும். சேப்பாக்கம் 2020 ஜூனில் காலியானது, முதல் வகை. எங்கள் தொகுதி பிப்ரவரி, 15 மாதம் மிச்சம் இருந்தது, இரண்டாவது வகை. இவ்வளவு நாள் இரண்டும் ஒன்று என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

சனிக்கிழமை கன்னிமாராவுக்குப் போகிறேன். பழைய நாளிதழ்க் கட்டுகளில் 1954 குடியாத்தம் இடைத்தேர்தல் செய்திகளைத் தேடப் போகிறேன். கூட யாராவது வருகிறீர்களா? பத்து மணிக்கு எழும்பூர் பக்க வாசலில் இருப்பேன்.